ஆறு முறை பரிந்துரைக்கப்பட்டவருக்கு ஒரே ஒரு வரி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் சென்ற இதழில் பழைய ஹாலிவுட் நட்சத்திரங்களைப் பற்றி வெளியான கட்டுரையில், "இரவல் குரலில் பெயர் வாங்கிய இங்கிலாந்து நடிகை டெபோரா கெர்" என்று ஒரு வரி வந்திருக்கிறது. ஒரே வரிக்குள் இத்தனை பிழைகளை அடக்கிய கட்டுரையாளரின் சொற்சிக்கனம் பாராட்டுக்குரியது.

அவர் 1921இல் கிளாஸ்கோவில் பிறந்த ஸ்காட்லாந்துக்காரர். இரண்டும் ஒன்றுதானே என்று தாங்கள் கேட்கலாம். வேலை நிமித்தம் பதினோர் ஆண்டுகள் வடக்கே இருந்து, 'மதராசி' என்ற ஒரே பெயரில் காலம் தள்ளிய எனக்கு, இரண்டும் ஒன்றல்ல என்பது நன்றாகத் தெரியும்.

அவர் பெயரும் 'கெர்' அல்ல, 'கார்'. அவரை ஹாலிவுட்டுக்கு அழைத்துச் சென்ற எம்.ஜி.எம். நிறுவனம், 'ஸ்டார்' என்பதோடு இயைபாக ஒலிக்கும் பெயர் என்றே விளம்பரம் செய்தது தாங்கள் அறியாததல்ல. இதை ஏழு ஆண்டுகளுக்கு முன்பே ஓர் அஞ்சலட்டையில் தங்களுக்கு எழுதினேன். அதை வெளியிடவும் செய்தீர்கள். ஆனால் என் தலைப்பெழுத்து மாறியிருந்தது, நான் 'கார்' என்று எழுதிய இடத்திலெல்லாம் 'கெர்' என்று திருத்தப்பட்டிருந்தது.

இரவல் குரலுக்கு வருகிறேன். 1956இல் வெளிவந்த 'தி கிங் அண்ட் ஐ' படத்தில் அவருக்காகப் பாடியவர் மார்னி நிக்சன். படத்தில் நிக்சனின் பெயரே இல்லாதபோது, அவர் பாடியதைப் பத்திரிகையாளரிடம் தாமே சொன்னவர் டெபோரா கார். சாவித்திரிக்குப் பி. சுசீலா பாடியதை இன்றளவும் கொண்டாடும் ஊரிலிருந்து வெளிவரும் இதழ் இதை ஒரு குறையாக எழுதுவதுதான் எனக்கு விளங்கவில்லை.

இமயமலையில் நடக்கும் கதையில் அவர் கன்னியாஸ்திரீயாக நடித்த 'பிளாக் நார்சிசஸ்' (1947) டார்ஜிலிங்கில் எடுக்கப்பட்டது என்று தங்கள் இதழ் முன்பொரு முறை எழுதியதையும் நான் மறக்கவில்லை. அந்த இமயமலை முழுவதும் லண்டனுக்கு அருகிலுள்ள பைன்வுட் அரங்கிலும் சசெக்ஸ் பகுதியிலுள்ள ஒரு தோட்டத்திலும் உருவானது. மணிக்கூண்டுக்குக் கீழே நம்மைத் தலைசுற்ற வைக்கும் பள்ளத்தாக்கு வெறும் ஓவியம். திருச்சியில் ஒரு திரைப்படச் சங்கத்தில், மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து அதைப் பார்த்தேன். நெற்றியும் காதும் மூடிய கன்னியாஸ்திரீ உடையில், உள்ளங்கையளவு முகம் மட்டுமே வெளியே தெரிய, பழைய காதல் நினைவுக்கு வரும் கணத்தில் அந்தக் கண்கள் இளகி, மறுகணமே இறுகிக்கொள்வதைப் பார்த்தவர் எவரும் அவரை ஒரு வரியில் முடித்திருக்க மாட்டார். அதற்கும் முன்பே, 1943இல், இருபத்திரண்டு வயது நிறையாதபோது, 'கர்னல் பிளிம்ப்' பற்றிய படத்தில் மூன்று வேடங்களில் நடித்தவர் அவர். நம் நாயகர்கள் யாரேனும் மூன்று வேடம் போட்டால் தாங்கள் அட்டைப்படமே போட்டிருப்பீர்கள்.

1949 முதல் 1960 வரையிலான படங்களுக்காக ஆறு முறை சிறந்த நடிகைக்கான ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டும் ஒரு முறைகூட அவருக்கு அது கிடைக்கவில்லை. 'ஃப்ரம் ஹியர் டு எடர்னிட்டி' (1953) படத்தின் ஹவாய் கடற்கரைக் காட்சியைப் பெரிய படமாக அச்சிடத் தங்களுக்கு அரைப் பக்கம் கிடைத்தது. இந்த ஆறு பரிந்துரைகளைச் சொல்ல இடம் கிடைக்கவில்லை போலும். ஆஸ்கர் வழங்கும் அகாடமியே 1994இல் கௌரவ ஆஸ்கர் கொடுத்துத் தன் பிழையைச் சரிசெய்துகொண்டது. 2007இல் மறைந்த அவர் இனித் தங்களிடம் முறையிட வரப்போவதில்லை என்பதால் நான் எழுத வேண்டியிருக்கிறது.

தங்கள் பக்க நெருக்கடியை அறிவேன். 'கார்' என்றும் 'ஸ்காட்லாந்து' என்றும் திருத்தி, அடுத்த இதழில் எந்த மூலையிலாவது இரண்டு வரி வெளியிட்டால் போதும். கூடவே, அந்தப் பழைய அஞ்சலட்டைக்குப் பின் நான் அனுப்பிய அவருடைய புகைப்படத்தையும் திருப்பி அனுப்பக் கேட்டுக்கொள்கிறேன். தபால்தலை ஒட்டிய உறையை அப்போதே உடன் வைத்திருந்தேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் சந்தாதாரர்,
திருச்சி.
(தலைப்பெழுத்து மறுபடியும் மாற வேண்டாம் என்பதால் பெயரைத் தவிர்த்திருக்கிறேன்.)