படகு ஓடாத நாளில் போன வழக்கு

நெடுந்தீவு

அன்புள்ள மச்சான்,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்குக் கலியாணம் ஒப்பேறிவிட்டது என்று வாசித்ததும் மனுசி பிள்ளையாருக்கு ஒரு தேங்காய் நேர்ந்துவிட்டா. இங்கே ஒரே சோளகம், தென்மேல் காற்று. என் சங்கதியும் அந்தக் காற்றோடு சம்பந்தப்பட்டதுதான்.

எங்கள் கல்வேலி வழக்கு உனக்குத் தெரியும்தானே. கிழக்குப் பக்கத்துக்காரர் கல்லை ஒவ்வொன்றாகப் பிடுங்கி எங்கள் பக்கம் நகர்த்தி அடுக்கி, கிணற்றடிப் பூவரசைத் தன் வளவுக்குள் ஆக்கிவிட்டார். கதியால் வேலி என்றால் பழைய மரமாவது சாட்சி நிற்கும். முருகைக் கல் எந்த வருசம் எங்கே இருந்தது என்று யார் சொல்வது?

ஆனியில் விளக்கத் தவணை, வழக்கை விசாரிக்கிற நாள். காணி உறுதிப் பத்திரக் கட்டைப் பொலித்தீன் பையில் சுற்றிக்கொண்டு விடியப்புறமே துறைக்குப் போய்விட்டேன். அலையைப் பார்த்துப் படகு ஓடாது என்று சொல்லிவிட்டார்கள். ஃபோனில் சிக்னலும் விழவில்லை. விழுந்தபோது பத்தரை மணி. அதற்குள் ஊர்காவற்றுறைக் கோட்டில் பெயரைக் கூப்பிட்டு முடிந்துவிட்டது. சட்டத்தரணி இன்னொரு தவணை கேட்டிருக்கிறார். ஏற்கெனவே இரண்டு தரம் நாங்கள்தான் தவணை எடுத்தது என்று நீதிபதி மறுத்துவிட்டார். மேற்கொண்டு தனக்கு அறிவுறுத்தல் இல்லை என்று சொல்லி எங்கள் சட்டத்தரணி இருந்துவிட, நான் வராத கணக்கில் வழக்கு தள்ளுபடி.

சரி, திரும்பப் போடுவோம் என்றுதான் நினைத்தேன். அது நடக்காதாம். சிவில் வழக்கு நடத்துகிற சட்டமான குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை 1889இல் வந்தது. அதன் 87ஆம் பிரிவில், வழக்குப் போட்ட வழக்காளி விளக்கத்துக்கு வரவில்லை என்று தள்ளுபடியானால் அதே விசயத்துக்குப் புது வழக்குப் போட முடியாது. வழக்கை நாமே கோட்டின் அனுமதியோடு மீளப்பெற்றிருந்தால் அது வேறு கதை. இப்போது உள்ள ஒரே வழி, வராததற்கு நியாயமான காரணம் இருந்தது என்று சத்தியம் செய்து எழுதிய சத்தியக்கடதாசியோடு மனுப் போட்டு, தள்ளுபடியை நீக்கச் சொல்லிக் கேட்பது. எதிராளி வராமல் விட்டு ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பானால், தீர்ப்பாணை கையில் கிடைத்து 14 நாளுக்குள் வரவேண்டும் என்று கணக்கு இருக்கிறது. வழக்காளிக்கு 'நியாயமான காலம்' என்று மட்டும்தான். தாராளமான சொல்லாகத்தான் தெரியும், ஆனால் நாட்கணக்கு இல்லாத இடத்தில்தான் எனக்குப் பயம் கூட. பத்தாம் நாளே மனுவைப் போட்டுவிட்டேன். அன்று படகு ஓடவில்லை என்று எங்கள் கிராம அலுவலர், விதானையார், ஒரு கடிதம் தந்தார், அதையும் இணைத்திருக்கிறது. எதிராளிக்கு அறிவித்தல் போய் விசாரணை நடக்கும். வென்றாலும் செலவுத்தொகை கட்டச் சொல்லலாமாம். கட்டுவோம்.

காற்றைக் காட்டலாம் என்பதால் எனக்குக் கொஞ்சம் தெம்பு. தவணைத் திகதியைக் கொப்பியில் பிழையாக எழுதியிருந்தால், அது வெறும் தவறா அசட்டையா என்று அலசியிருப்பார்கள்.

உன் கொக்குவில் காணி வழக்கைப் பற்றிக் கேட்டிருந்தாய். அது கூட்டுக் காணியைப் பங்கு பிரிக்கிற பிரிவினை வழக்கு, 1977ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி நடப்பது. வழக்காளி நடத்தாமல் விட்டாலும் எதிராளி ஒருவரை அந்த இடத்துக்குப் போட்டு வழக்கைக் கொண்டுபோகக் கோட்டுக்கு இடமுண்டு. அதற்காக நீ கனடாவில் காலை நீட்டிப் படுக்காதே. உனக்குப் பதிலாக நடக்கச் சொல்லி நீ அற்றோணித் தத்துவம் எழுதிக் கொடுத்த ஆளிடம் ஒவ்வொரு தவணைக்கும் மறுநாள் கேள்.

போன கிழமை பார்த்தேன், வேலியில் புதிதாக இரண்டு கல் ஏறியிருக்கிறது. நான் ஒன்றும் கதைக்கவில்லை, படம் எடுத்து வைத்திருக்கிறேன். விசாரணைக்கு முதல்நாளே குறிகட்டுவானில் இறங்கி வேலணையில் தங்கச்சி வீட்டில் படுக்கப்போகிறேன். ஒடியல் மா கொண்டுவரச் சொல்லியிருக்கிறாள், இன்னும் இடிக்கவில்லை.

உன்
பழைய வாங்குக் கூட்டாளி