மனு ரசீது கேட்டு ஒரு மடல்

நெல்லைச் சீமையின் காவல் நிலையங்களில் புகார் வாங்கும் அதிகாரிகளுக்கு, வணக்கம்.

நான் பாளையங்கோட்டைக்காரி. ஆறு வருஷம் ஜவுளிக்கடையில் சேலை விரித்துக் காட்டினேன். இப்போது ஒன்லிஃபேன்ஸ் தளத்தில் மாதச் சந்தாவுக்குப் படம் போட்டுப் பிழைக்கிறேன். வரும் பணத்தில் 20 சதவீதம் கம்பெனிக்கு, மீதி எனக்கு. வருமான வரிக் கணக்கிலும் காட்டுகிறேன். உள்ளாடைக்கு மேல் போனதில்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67, 67ஏ பிரிவுகளைப் படித்துவிட்டுத்தான் இதில் இறங்கினேன். பாலுறவை வெளிப்படையாகக் காட்டினால் முதல் தடவையே 5 வருஷம் வரை சிறை, 10 லட்சம் வரை அபராதம்.

முகம் காட்டமாட்டேன். ஆனால் ஒரு படத்தில் பாய் மாட்டிக்கொண்டது. என் கல்யாணத்துக்கு அம்மா பத்தமடையில் பேர் போட்டு நெய்து வாங்கிய பட்டுப்பாய். சிவப்புக் கரையோரம் என் பேரில் இரண்டு எழுத்து தெரிந்திருக்கிறது. சந்தா கட்டிய யாரோ அந்தப் படங்களை வெளியே பரப்ப, அந்த இரண்டு எழுத்தை வைத்தே எங்கள் தெரு என்னைக் கண்டுபிடித்துவிட்டது. அப்புறம் உடையே இல்லாத மாதிரி மாற்றிய படங்களும் வந்தன. ஒருவன் பணம் கேட்டு மிரட்டினான். அம்மா அந்தப் பாயைச் சுருட்டிப் பரண்மேல் போட்டுவிட்டாள். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

எல்லாவற்றையும் அச்செடுத்துக்கொண்டு ஒரு நிலையத்துக்குப் போனேன். எது என்று சொல்லமாட்டேன். எழுத உட்கார்ந்தவர் இரண்டு தாளைப் புரட்டிவிட்டுப் பேனாவை மூடினார். "நீயே போட்டுட்டு இங்க வந்து அழுதா எப்படிம்மா?" பக்கத்தில் இருந்தவர் அந்தத் தாள்களை ஒவ்வொன்றாக, நிதானமாகப் பார்த்தார். நான் பிடுங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஐயா, அம்மா, நான் சம்மதித்தது சந்தா கட்டியவர் பார்ப்பதற்கு. ஊருக்கே பரப்புவதற்கு இல்லை. இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 77ஆம் பிரிவின் விளக்கத்திலேயே இது இருக்கிறது: அந்தரங்கப் படம் எடுக்கச் சம்மதித்தவர் பிறருக்குப் பரப்பச் சம்மதிக்காவிட்டால், பரப்பியது குற்றம். உள்ளாடை மட்டும் அணிந்த நிலையும் அதில் அடங்கும். மாற்றிய படங்களை நான் போடவே இல்லையே! பாதிக்கப்பட்டவர் புகார் செய்தால் இப்படிப்பட்ட படங்களைத் தளங்கள் 2 மணி நேரத்துக்குள் நீக்க வேண்டும் என்று, 2026இல் திருத்தப்பட்ட 2021ஆம் ஆண்டு தகவல் தொழில்நுட்ப விதிகள் சொல்கின்றன. அதை நானே செய்துகொண்டிருக்கிறேன். ஆனால் மிரட்டியவனைப் பிடிக்க உங்களால்தான் முடியும்.

என் தொழில் உங்களுக்குப் பிடிக்க வேண்டாம். என் அம்மாவுக்கே பிடிக்கவில்லை. சரி, புகாரை எழுதிக்கொள்ள அது எதற்குத் தடையாக வேண்டும்? 77ஆம் பிரிவுப் புகாரைப் பெண் அதிகாரிதான் பதிய வேண்டும் என்பதும் சட்டமே. ஒரு பெண் அதிகாரியை உட்காரச் சொல்லுங்கள், படங்களை அவர் மட்டும் பார்க்கட்டும்.

திங்கட்கிழமை காலையில் அதே தாள்களோடு மறுபடி வருகிறேன். மனுவைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது போட்டுக் கொடுங்கள்.

இப்படிக்கு,
பாயில் பேர் உள்ளவள்