பணியிடைநீக்க மறுஆய்வு மற்றும் நிலுவைப் பிழைப்பூதியம் வேண்டி மூன்றாவது மனு

பெறுநர்: உயர்திரு மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்

பார்வை: உயர் நீதிமன்ற மதுரைக் கிளையின் ஆணை, திங்கள்கிழமை குறைதீர் கூட்டங்களில் நான் அளித்த இரு மனுக்கள்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். வட்டாட்சியர் அலுவலகத்தில் இளநிலை உதவியாளராக இருந்து, பட்டா மாறுதல் கோப்பு ஒன்று காணாமல் போனதற்காகப் பதினொரு மாதங்களாகப் பணியிடைநீக்கத்தில் இருக்கிறேன். ஏரி உடைந்த அன்று தாங்கள் முழங்கால் தண்ணீரில் நடந்து பார்த்த தெற்குத் தெருவில்தான் என் வீடு. அன்றிரவு பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்து நிவாரணப் பட்டியல் எழுதியவர்களில் நானும் ஒருத்தி.

1. எட்டு வாரங்களுக்குள் என் பணியிடைநீக்கத்தை மறுஆய்வு செய்து ஆணையிடுமாறு நீதிமன்றம் கூறியது. பத்தொன்பது வாரங்கள் ஆகிவிட்டன.

2. மூன்று மாதங்களுக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தராவிட்டால் பணியிடைநீக்கம் அதற்கு மேல் நீடிக்கக் கூடாது என்று அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015-இலேயே சொல்லியிருக்கிறது. எனக்கு இன்றுவரை அந்தக் குறிப்பாணை (ஒழுங்கு நடவடிக்கை விதி 17(பி)-இன் கீழ் தருவது) வரவில்லை.

3. பணியிடைநீக்கக் காலத்தில் சம்பளத்துக்குப் பதிலாக வாழ்க்கைச் செலவுக்குத் தரப்படும் பிழைப்பூதியம் ஏழு மாதங்களாக வரவில்லை. ஐயா, இதைத் தயவுசெய்து முழுவதும் படியுங்கள். அதைப் பெறுவதற்காக, வேறெங்கும் வேலை பார்க்கவில்லை என்ற சான்றை மாதந்தோறும் முதல் தேதியில் தபால் பிரிவில் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கி வருகிறேன். ஏழு நகல்களும் இத்துடன் உள்ளன. பிரிவில் கேட்டால் "கோப்பு மேலே போயிருக்கிறது" என்கிறார்கள். மேலே கேட்டால் "பிரிவிலிருந்து வரவில்லை" என்கிறார்கள். பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்து நூறு ரூபாய் வாங்கினாலும் நான் எழுதித் தந்த சான்று பொய்யாகிவிடும். அனுமதி இல்லாமல் ஊரை விட்டும் போக முடியாது. அப்படியானால் நான் எதைத் தின்பது? மளிகைக் கடைக்காரர் என் கணக்குப் பக்கத்தின் குறுக்கே கோடு போட்டுவிட்டார். போன வாரம் என் மகள் பென்சில் டப்பாவுக்குள் வைத்திருந்த உண்டியல் காசை எண்ணி, அரிசி வாங்கச் சொல்லி என் கையில் கொடுத்தாள். நாற்பத்து மூன்று ரூபாய்.

4. பிழைப்பூதியம் கிடைக்காததால் விசாரணை நடந்த ஊருக்குப் போக முடியாமல் போன மத்தியப் பிரதேச அரசு ஊழியர் ஒருவரின் பணிநீக்கத்தை உச்ச நீதிமன்றம் 1973-இல் ரத்து செய்தது. அவருக்காவது விசாரணை என்று ஒன்று நடந்தது!

5. என்னைக் குற்றமற்றவள் என்று அறிவிக்கச் சொல்லவில்லை. விசாரியுங்கள், நாளைக்கே விசாரியுங்கள். கோப்பு எந்த மேசையிலிருந்து எந்த மேசைக்குப் போனது என்பது நகர்வுப் பதிவேட்டில் இருக்கிறது. அதைத் திறந்து பார்க்கப் பதினொரு மாதங்களா வேண்டும்?

மனம் பொறுக்காமல் கூடுதலாக எழுதியிருந்தால் பொறுத்தருள வேண்டுகிறேன். நீதிமன்ற ஆணைப்படி மறுஆய்வு செய்து உத்தரவிடுங்கள். அதற்கு நாளாகும் என்றால், ஏழு மாதப் பிழைப்பூதியத்தையாவது இந்த வாரமே வழங்கச் சொல்லுங்கள், ஐயா. இந்த வாரமே.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
பணியிடைநீக்கத்தில் உள்ள இளநிலை உதவியாளர்