குஸ்மானின் ஒலிவாங்கி யார் முன்னே நீண்டது?

அன்பு மகளுக்கு,

சிலி நாட்டு ஆவணப்பட இயக்குநர் பாத்ரிசியோ குஸ்மானைப் பற்றி ஆய்வேடு எழுதப்போவதாகவும், அதில் ‘சிலியின் போர்’ என்னும் மூன்று பாகப் படத்தை மட்டுமே எடுத்துக்கொள்ளப்போவதாகவும் எழுதியிருந்தாய். அந்தப் படத்தோடு நின்றுவிடாதே என்று சொல்லத்தான் இக்கடிதம்.

அது நம்மை வந்தடைந்ததே வியப்புக்குரியது. சிலியில் படச்சுருளுக்குப் பஞ்சம் நிலவியபோது, பிரெஞ்சு இயக்குநர் கிறிஸ் மார்க்கர் அனுப்பிவைத்த சுருள்களைக் கொண்டுதான் சோசலிச அதிபர் அயெந்தே ஆட்சியின் இறுதி மாதங்களைக் குஸ்மானின் குழு பதிவுசெய்தது. 1973 செப்டம்பர் 11 அன்று ராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியபின் குஸ்மான் தேசிய விளையாட்டரங்கில் அடைத்துவைக்கப்பட்டார். சுருள்களோ ஸ்வீடன் தூதரகத்தின் உதவியால் நாட்டைவிட்டு வெளியேறி, பின்னர் கியூபாவில் தொகுக்கப்பட்டன. ஒளிப்பதிவாளர் ஹோர்ஹே முல்லர் 1974 நவம்பரில் கைதுசெய்யப்பட்டுக் காணாமலாக்கப்பட்டார். தாம் எடுத்த காட்சிகள் படமாகத் திரையில் ஓடியதை அவர் பார்க்கவேயில்லை.

இவையெல்லாம் உனக்குத் தெரிந்தவையே. நான் கவனிக்கச் சொல்வது, அப்படத்தின் தொடக்கத்தில் 1973 மார்ச் தேர்தலின்போது குழுவினர் அயெந்தேயின் ஆதரவாளர்களை மட்டுமன்றி, அவரை வெறுத்தவர்களையும் தேடிச்சென்று பேசவைத்ததை. இயக்குநர் எந்தப் பக்கம் என்பதில் ஒளிவுமறைவில்லை. ஆயினும் எதிர்ப்பக்கத்தின் குரலும் முகமும் அதில் இருக்கின்றன.

1997இல் வெளிவந்த ‘சிலி: பிடிவாதமான நினைவு’ படத்திலும் அந்தப் பழக்கம் தொடர்கிறது. பழைய படத்தின் பிரதியொன்றோடு நாடு திரும்பிய அவர், அதை இளம் மாணவர்களுக்குத் திரையிடுகிறார். அந்த ஆட்சிக் கவிழ்ப்பை நடத்திய ஜெனரல் பினோசெட் அப்போதும் ராணுவத் தலைமைத் தளபதி என்பதை நினைவில் வைத்துக்கொண்டு அந்தக் காட்சிகளைப் பார். ஆட்சிக் கவிழ்ப்பு நாட்டைக் காப்பாற்றியது என்று, வீட்டில் கேட்டு வளர்ந்ததை அப்படியே ஒப்பிப்பதுபோல் சிலர் வாதிடுகிறார்கள். படம் முடிந்ததும் பேச்சு வராமல் அழுபவர்களும் இருக்கிறார்கள். பழைய சுருளில் ஒரு சட்டகம்கூட மாறவில்லை, ஆனால் அதைப் பார்க்கும் தலைமுறை மாறிவிட்டது. தேசத்தின் நினைவு ஆவணக்காப்பகத்தில் இருப்பதாக நீ எழுதியதை நான் ஏற்காததற்கு இந்தக் காட்சியே காரணம்.

2010இல் வந்த ‘ஒளிக்கான ஏக்கம்’ படத்தைப் பலரும் உச்சியில் வைக்கிறார்கள். ராணுவ ஆட்சியில் காணாமலாக்கப்பட்ட தம்மவரின் எலும்புகளை அட்டகாமா பாலைவனத்தில் தேடும் கலாமா நகரப் பெண்கள் பேசும்போது நானும் அசையாமல் பார்த்தேன். விண்மீன்களைப் பற்றி இயக்குநர் பேசும் இடங்களில்தான், உள்ளதைச் சொன்னால், சற்றே சலிப்புத் தட்டியது.

எனக்குள்ள உண்மையான மனக்குறை 2022இல் வந்த ‘என் கற்பனை நாடு’ படத்தைப் பற்றியது. 2019 அக்டோபரில் வெடித்த மக்கள் போராட்டத்தையும் புதிய அரசியல் சாசனத்துக்கான முயற்சியையும் பற்றிப் பெண்கள் மட்டுமே பேசும் படம் அது. அந்தத் தேர்வு எனக்குப் பிடித்திருந்தது. ஆனால் மே மாதம் கான் விழாவில் அது திரையிடப்பட்டது. செப்டம்பர் 4 அன்று நடந்த வாக்கெடுப்பிலோ ஏறத்தாழ 62 விழுக்காட்டினர் அந்தச் சாசன வரைவை நிராகரித்துவிட்டார்கள். அப்படி வாக்களிக்கப்போகிறவர்களில் ஒருவரையாவது, 1973இல் செய்ததுபோல், அவர் நம் முன் நிறுத்தியிருக்கலாம். வயதும் பாரிஸ் வாழ்க்கையும் காரணமா, நம்பிக்கையின் வேகம் காரணமா என்று என்னால் தீர்மானிக்க முடியவில்லை.

‘சிலியின் போர்’, ‘சிலி: பிடிவாதமான நினைவு’, ‘என் கற்பனை நாடு’ ஆகிய மூன்று படங்களிலும் ஒலிவாங்கி யார் முன்னே நீள்கிறது என்பதை ஒப்பிட்டு ஓர் இயல் எழுதிப் பார். உன் வழிகாட்டி மறுத்தால் அவர் சொல்லும் காரணத்தை எனக்கு எழுது.

அன்புடன்,
அப்பா