‘முதல் பெண் கிராண்ட்மாஸ்டர் யார்?’ – சதுரங்க வினாத்தாள் தயாரிப்போருக்கு ஒரு திறந்த மடல்

யாழ். மாவட்டப் பாடசாலைகளில் சதுரங்க வினாவிடைப் போட்டிக்குக் கேள்வி எடுக்கும் ஆசிரியர்களுக்கும் பயிற்றுநர்களுக்கும்,

வணக்கம். காய் நகர்த்துவதோடு நில்லாமல் வீரர்களின் வரலாற்றையும் பிள்ளைகள் அறியவேண்டும் என்று இப்போட்டிகளை வைக்கிறீர்கள். நல்ல காரியம். ஆனால் இவ்வகைத் தாள்களில் வழக்கமாக வரும் சில கேள்விகளுக்கு இரண்டு சரியான விடைகள் உண்டு. மேலோட்டமாகப் படித்த பிள்ளை உடனே எழுதிவிட்டுப் புள்ளி எடுக்கும். ஆழமாகப் படித்த பிள்ளை எதை எழுதுவது என்று தடுமாறும்.

“மிக இளைய வயதில் உலகச் சம்பியனானவர் யார்?” என்ற கேள்வியை எடுங்கள். நீங்கள் எதிர்பார்க்கும் விடை குகேஷ். 2006 மே 29 இல் பிறந்தவர். 2024 டிசெம்பர் 12 இல் சிங்கப்பூரில் அப்போதைய சம்பியன் டிங் லிரெனை 7.5–6.5 என்று வென்றபோது வயது 18 ஆண்டு, 6 மாதம். ஆனால் உக்ரேனின் ருஸ்லான் பொனமாரியோவ் 1983 ஒக்டோபரில் பிறந்து, 2002 ஜனவரியில் உலகச் சதுரங்கச் சம்மேளனமான பிடேயின் உலகச் சம்பியனானார். அப்போது அவருக்கு 18 ஆண்டு, 3 மாதம். எழுதியபடி வாசித்தால் பொனமாரியோவ் என்பதும் சரி.

“அது பிளவுக் காலத்துப் பட்டம், கணக்கில் இல்லை” என்று சொல்லலாம். 1993 இல் கஸ்பரோவும் ஷோர்ட்டும் பிடேயை விட்டு விலகி லண்டனில் ஆடியதிலிருந்து, 2006 இல் கிராம்னிக் தோபலோவை வெல்லும்வரை பட்டம் இரண்டாகவே இருந்தது. குகேஷை 18ஆவது உலகச் சம்பியன் என்று எண்ணும்போது பொனமாரியோவ், கலிஃப்மான் போன்றோரை விட்டுவிட்டுத்தான் எண்ணுகிறோம். சரி. ஆனால் அதே தாளில் “ஆனந்த் எத்தனை முறை உலகச் சம்பியனானார்?” என்று கேட்டு 5 என்று விடை போடுகிறீர்கள். 2000, 2007, 2008, 2010, 2012. இதில் 2000 ஆம் ஆண்டுப் பட்டம் ஷிரோவை வென்று பெற்ற பிடே பட்டம். பொனமாரியோவ் பெற்றதும் அதே வரிசைப் பட்டம்தான். ஒருவருக்கு எண்ணி மற்றவருக்கு எண்ணாமல் விடமுடியாது. முதற் கேள்வியில் ‘மறுப்பின்றி அனைவரும் ஏற்ற சம்பியன்களுள்’ என்று சேர்த்துக் கேளுங்கள். ஆனந்துக்கு ‘பிடே பட்டம் உட்பட’ என்று சேருங்கள். தீர்ந்தது.

அடுத்தது தலைப்பிலுள்ள கேள்வி. இங்கே குழப்பம் தமிழிலேயே இருக்கிறது. ‘பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்றால் மகளிருக்கென 1976 இல் தொடங்கிய தனிப் பட்டமும் ஆகலாம். ஆண்களும் பெண்களும் ஒரே அளவுகோலில் பெறும் கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை வென்ற பெண்ணும் ஆகலாம். முன்னதற்குத் தேவைப்படும் தரப்புள்ளி (வீரரின் ஆட்டப் பலத்தைக் காட்டும் எண்) 2300, பின்னதற்கு 2500. இந்தியாவைப் பற்றிக் கேட்டால் மகளிர் பட்டத்துக்கு சு. விஜயலட்சுமி, பொதுப் பட்டத்துக்கு 2002 இல் கொனேரு ஹம்பி. உலக அளவில் பொதுப் பட்டத்தை முதலில் பெற்ற பெண் ஜோர்ஜியாவின் நோனா கப்ரிந்தஷ்விலி, 1978 இல். தேவையான நோர்ம்களையும் (பட்டத்துக்காகப் போட்டிகளில் எட்டவேண்டிய பெறுபேறுகள்) தரப்புள்ளியையும் எட்டி வழமையான முறையில் பெற்ற முதற்பெண் சூசன் போல்கார், 1991 இல். ‘மகளிர் கிராண்ட்மாஸ்டர்’ என்றும் ‘கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற பெண்’ என்றும் பிரித்து எழுதுங்கள். ‘பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்ற தொடரைத் தாளில் பாவிக்கவே வேண்டாம்.

தரப்புள்ளிக் கேள்விகளில் எந்தப் பட்டியல் என்பதைக் குறிப்பிடுங்கள். கார்ல்சனின் உச்சம் 2014 மே மாதப் பிடே பட்டியலில் 2882. ஒவ்வொரு ஆட்டமும் முடிந்தவுடன் கணிக்கும் நேரலைக் கணக்கில் அவர் 2889 வரை போனார், அது அதிகாரபூர்வமானதன்று. இணையத்தில் இரண்டும் கிடைக்கும், பிள்ளைகள் இரண்டையும் பார்த்திருப்பார்கள்.

1972 ரெய்க்யவிக் உலகச் சம்பியன் போட்டியில் எத்தனை ஆட்டங்கள் என்பதிலும் ஒரு பொறி உண்டு. ஃபிஷர் 12.5–8.5 என்று ஸ்பாஸ்கியை வென்றார், மொத்தம் 21 ஆட்டங்கள். ஆனால் இரண்டாவது ஆட்டத்துக்கு ஃபிஷர் வரவேயில்லை. எனவே பலகையில் ஆடியது 20. பிறந்த ஊர்களும் அப்படித்தான். வளர்ந்த ஊரைப் பிறந்த ஊராக எழுதிவிடுகிறோம். ஆனந்த் பிறந்தது மயிலாடுதுறையில், வளர்ந்தது சென்னையில். ஃபிஷர் பிறந்தது சிகாகோவில், நியூயோர்க்கில் அல்ல.

ஒரே விடையுள்ள, சுவையான கேள்விகளுக்கா பஞ்சம்? மகளிர் பட்டத்தை விட்டால், பட்டத்தோடு இறந்த ஒரே உலகச் சம்பியன் யார்? (அலெகைன், 1946, போர்த்துக்கல்.) உலகச் சம்பியனாகவும் பின்னர் பிடே தலைவராகவும் இருந்தவர்? (மாக்ஸ் எய்வே, கணித ஆசிரியர்.) முடிவு அறிவிக்காமலே நிறுத்தப்பட்ட உலகச் சம்பியன் போட்டி? (கார்ப்போவ்–கஸ்பரோவ், 1984–85, 48 ஆட்டங்களில் 40 சமநிலை.) முதல் மகளிர் உலகச் சம்பியன் எப்படி இறந்தார்? (வேரா மென்சிக், 1944, லண்டனில் குண்டுவீச்சில்.) சதுரங்கப் பலகைக் கட்டங்களின் எண்ணிக்கையளவு வயதில் 2008 இல் இறந்த சம்பியன்? (ஃபிஷர், 64 வயதில்.) இதைக் கேட்டால் மண்டபம் ஒருகணம் சிரிக்கும், பிறகு அமைதியாகும்.

தாள் தயாரிக்கும் முறையிலும் சில. பிடே பட்டியல் ஒவ்வொரு மாதமும் முதலாந் திகதி வெளிவரும். எந்த மாதப் பட்டியலின்படி என்று தாளின் தலையில் எழுதிவிட்டால், ‘மிக இளைய கிராண்ட்மாஸ்டர்’ போன்ற மாறக்கூடிய விடைகளால் வரும் தகராறு பாதி குறையும். 2021 இல் 12 ஆண்டு 4 மாத வயதில் பட்டம் பெற்ற அபிமன்யு மிஷ்ராவுக்கு முன் அந்தச் சாதனை கர்யாக்கினிடம் கிட்டத்தட்ட 19 ஆண்டு இருந்தது. நான்கு விடைகளில் ஒன்றைத் தெரிவுசெய்யும் கேள்வியானால், கேள்வி எடுக்காத ஒருவரிடம் கொடுத்து, பிழை என்று நினைத்த மூன்றையும் ஒவ்வொன்றாக ‘இதுவும் சரியாகுமா?’ என்று பார்க்கச் சொல்லுங்கள். பொனமாரியோவ் அங்கேயே பிடிபடுவார்.

விடைத்தாளில் பெயரை ஒலிகொண்டு மதிப்பிடுங்கள்: கார்ல்சன், கார்ல்சென், கால்சன் எல்லாம் ஒருவரே. ‘விஸ்வநாதன்’ என்று மட்டும் எழுதிய பிள்ளைக்குப் புள்ளி கொடுக்காதீர்கள். அது ஆனந்தின் தந்தையார் பெயர். ஆங்கில ஊடகத்துக்கு அது தெரியாமல் போகலாம், எங்கள் பிள்ளைகளுக்குத் தெரியும்.

இப்படிக்கு,
சதுரங்கம் கற்பிக்கும் சிலர்,
யாழ்ப்பாணம்.