சந்தைக் கூண்டுகளில் ஊர் மாறும் கோழி நோய்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நாட்டுக்கோழிக் குழம்பால் பெயர்பெற்ற எங்கள் செட்டிநாட்டில், அந்தக் கோழிகள் சந்தைக்கு வந்து சேரும் விதத்தைப் பற்றி நாம் போதிய அக்கறை காட்டவில்லை என்பதே இக்கடிதத்தை எழுதத் தூண்டியது.

சென்ற ஆண்டு வாரச்சந்தை ஒன்றில் இரண்டு வெடக்கோழிகளை வாங்கிவந்து, அன்று மாலையே வீட்டுக் கோழிகளோடு ஒரே பஞ்சாரத்தில் அடைத்தேன். ஒரு வாரம் முடிவதற்குள் கோழிகள் பச்சையும் வெள்ளையுமாகக் கழியத் தொடங்கின. சில கழுத்தைத் திருகிக்கொண்டு சுற்றின. இருபத்து மூன்றில் நான்குதான் மிஞ்சின. வெள்ளைக் கழிச்சல் என்றார் கால்நடை மருத்துவர். வாங்கும்போது அந்த இரண்டும் துறுதுறுவென்றுதான் இருந்தன. நோய்க்கிருமி உடலில் புகுந்து அறிகுறி தெரியவே ஐந்தாறு நாள் ஆகலாம், சில வேளைகளில் இரண்டு வாரம் வரைகூட ஆகலாம் என்பதைப் பிறகுதான் அறிந்தேன். புதிதாக வாங்கிய கோழியை அந்த இரண்டு வாரமாவது தனியே அடைத்து, தனித் தண்ணீரும் தீனியும் வைக்க வேண்டும் என்பது எனக்கு அப்போது தெரியாது.

ஆனால் வாங்குபவரின் எச்சரிக்கை மட்டும் போதாது. பல ஊர்க் கோழிகளைக் கால்களைக் கட்டித் தொங்கவிட்டும், ஒரே கூண்டில் நெருக்கியும் வண்டியில் ஏற்றி வருகிறார்கள். விற்காதவை மாலையில் மீண்டும் பழைய தொழுவத்துக்கே திரும்புகின்றன. எச்சம் காய்ந்து ஒட்டிய அதே கூண்டு மறுநாள் வேறோர் ஊருக்குப் போகிறது. எச்சத்தின் மீது பிளீச்சிங் பவுடரைத் தூவுவதால் பெரிய பயனில்லை, ஏனெனில் அழுக்கு அதன் வீரியத்தைக் குறைத்துவிடும். முதலில் தேய்த்துக் கழுவி, பிறகு கிருமிநாசினி தெளித்து, வெயிலில் நன்றாக உலர்த்த வேண்டும். சந்தைத் திடலில் ஒரு தண்ணீர்க் குழாயும், கழுவுநீர் வழிந்தோடாமல் இறங்க ஒரு குழியும் அமைத்துத் தந்தாலே வியாபாரிகளால் இதைச் செய்ய முடியும். உள்ளாட்சி அமைப்புகள் சந்தைக் குத்தகை நிபந்தனைகளில் இதைச் சேர்க்க வேண்டுகிறேன்.

சொல்வதற்குச் சங்கடமான இன்னொன்றும் உண்டு. கோழிக்குச் சீக்கு கண்டதும், சாவதற்குள் வந்த விலைக்குத் தள்ளிவிடும் வழக்கம் நம் வீடுகளில் இருக்கிறது. நோய்கண்ட பிராணிகளைச் சந்தைக்குக் கொண்டுவருவதை 2009ஆம் ஆண்டின் விலங்குத் தொற்றுநோய்த் தடுப்புச் சட்டம் தடைசெய்கிறது. செத்த கோழிகளையும் கடைக் கழிவுகளையும் ஊருணிக் கரையில் வீசுவதால், நாயும் காக்கையும் அவற்றைத் தெருத்தெருவாக இழுத்து வருகின்றன. ஆழக் குழிதோண்டிச் சுண்ணாம்பு இட்டுப் புதைப்பதே முறை.

கழிச்சலுக்குச் சிகிச்சை இல்லை, தடுப்பூசி உண்டு. முகாம் நடக்கும் நாள்களை முன்கூட்டியே சந்தையிலும் தண்டோரா போட்டு அறிவித்தால், என்னைப் போல் நான்கைந்து கோழி வளர்க்கும் வீடுகளுக்கும் அது எட்டும். கால்நடை பராமரிப்புத் துறை இதற்கு ஆவன செய்யுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
நாட்டுக்கோழி வளர்க்கும் வாசகர் ஒருவர்,
புதுவயல், சிவகங்கை மாவட்டம்.