கடனுக்கு எழுதப்படும் கிரய ஒப்பந்தங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரக் கோரும் வழக்குகள், அதாவது வழக்கறிஞர்கள் ‘ஏற்றதை ஆற்றுக’ என்று குறிப்பிடும் வழக்குகள், உரிமையியல் நீதிமன்றங்களில் ஆண்டுக்கணக்கில் கிடப்பதைப் பேசுவோர் பெரும்பாலும் நீதிமன்றத் தாமதத்தையே குறை சொல்கிறார்கள். சார்பதிவாளர் அலுவலக வாசலில் 31 ஆண்டுகள் ஆவண எழுத்தராக இருந்தவன் என்ற முறையில், அவற்றில் ஒரு பகுதி பத்திரம் எழுதும் மேசையிலேயே பிறக்கிறது என்பதையும், சிலவற்றை எழுதியவன் நானே என்பதையும் சொல்லியாக வேண்டும். கடன் கொடுப்பவர், அதற்கு ஈடாக, கடன் வாங்குபவர் தன் நிலத்தை விற்பதாக ஒப்பந்தம் எழுதி வாங்கிக்கொள்வதைத்தான் சொல்கிறேன்.

விற்பதற்கென்றே எழுதும் ஒப்பந்தம் எப்படி இருக்கும் என்பதற்கு, உச்ச நீதிமன்றம் 1997-இல் தீர்ப்பளித்த மதுரை வீட்டு வழக்கைப் பார்க்கலாம். 1978 டிசம்பரில் எழுதிய அந்த ஒப்பந்தத்தில் விலை 60,000 ரூபாய், முன்பணம் 5,000 ரூபாய், கெடு 6 மாதம். (வாங்க இருந்தவர் இரண்டரை ஆண்டு பேசாமல் இருந்துவிட்டு வந்ததால் அவருக்குக் கிரயம் மறுக்கப்பட்டது.) கடனுக்கு எழுதுவது இதற்கு நேர்மாறாக இருக்கும். விலையில் பத்தில் ஒன்பது பங்கை அன்றைக்கே கொடுத்தாயிற்று என்றும், மீதிச் சொற்பத் தொகைக்கு மூன்றாண்டு கெடு என்றும் எழுதப்படும். நிலமோ சொந்தக்காரரின் உழவிலேயே இருக்கும். கெடு முடிந்த பிறகுதான் வழக்குப் போடுவதற்கான மூன்றாண்டுக் காலவரம்பே தொடங்குகிறது என்பதால், பணம் கொடுத்தவருக்கு மொத்தம் ஆறாண்டு அவகாசம் கிடைத்துவிடுகிறது. வட்டி நின்றால் பிராது.

மகள் திருமணத்துக்கு நான்கு லட்சம் வாங்க வந்த பெரியவர் ஒருவர், நான் படித்துக் காட்டியதை முழுதும் கேட்டுவிட்டு, “வட்டி எங்கேங்க எழுதியிருக்கு?” என்றார். “அது உங்களுக்குள்ள பேசிக்கறதுங்க, பத்திரத்துல வராது” என்றேன். ஒன்றேகால் ஏக்கருக்கு அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பைக்கூட எட்டாத விலை போட்டிருந்தது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கையெழுத்து உங்களுடையதுதானா என்பதோடு சார்பதிவாளரின் கேள்வி முடிந்தது. நான்காண்டு கழித்து நீதிமன்ற அழைப்பாணை வந்தபோது, வட்டிதான் கட்டிக்கொண்டிருக்கிறோமே என்று அவர் அதைச் சாமி படத்துக்குப் பின்னால் செருகிவிட்டார். அவர் நீதிமன்றத்துக்கு வராததால், மற்றவர் தரப்பை மட்டும் கேட்டு வழக்கு தீர்ப்பானது. அவர் கையெழுத்துப் போட வராததால், நீதிமன்றமே அவர் சார்பில் கிரயப் பத்திரம் எழுதிக்கொடுத்தது.

இத்தகையவர்களுக்கு முன்பு ஒரு பிடி இருந்தது. இவ்வகை வழக்குகளுக்கான 1963-ஆம் ஆண்டின் ஸ்பெசிபிக் ரிலீஃப் சட்டத்தின் பழைய 20-ஆம் பிரிவு, ஒப்பந்தம் செல்லத்தக்கதாகவே இருந்தாலும், அதை நிறைவேற்றுவது ஒருவருக்கு முறையற்ற ஆதாயமாகவோ மற்றவருக்கு எதிர்பாராத இன்னலாகவோ முடியுமானால், கிரயத்தை மறுக்கும் விருப்புரிமையை நீதிபதிக்கு விட்டிருந்தது. 2018 அக்டோபர் 1-இல் நடைமுறைக்கு வந்த திருத்தம் அதை எடுத்துவிட்டது. பெருந்திட்டங்களும் வணிக ஒப்பந்தங்களும் முடங்கக் கூடாது என்று வகுத்த விதி, ஒன்றேகால் ஏக்கர்க்காரருக்கும் அப்படியே பொருந்துகிறது. பத்திரம் கிரயத்துக்கானதல்ல, கடனுக்கானது என்று வாய்மொழிச் சாட்சியம் தர இன்றும் இடமுண்டுதான். ஆனால் வட்டியை ரொக்கமாகக் கொடுத்து, ஒரு துண்டுச் சீட்டும் வாங்காதவர் எதைக் காட்டுவார்?

தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய ஒப்பந்தங்களைப் பதிவு செய்வது கட்டாயம். அதனால் முன்தேதியிட்ட போலிகள் குறைந்தன என்பதை மறுக்க மாட்டேன். ஆனால் பதிவான ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் ஏறிவிடுவதால், கடனைத் தீர்த்த பிறகும், பணம் கொடுத்தவர் மனமிரங்கி வந்து ரத்துப் பத்திரத்தில் கையெழுத்திடும்வரை அந்த நிலத்தைக் காட்டி வங்கியில் கடன் கேட்க முடிவதில்லை. பதிவாகாத ஒப்பந்தத்தையும் இவ்வகை வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பதால், பதியாமல் எழுதிக்கொடுத்தவரும் தப்பிவிடவில்லை.

உண்மையாகவே விலை பேசி முன்பணம் வாங்கிவிட்டு, புறவழிச்சாலை வருகிறது என்றதும் “அது கடன்” என்று பேச்சை மாற்றியவர்களையும் பார்த்திருக்கிறேன். எனவே யார் சொல்வது மெய் என்பது, பதிவு நடக்கும் நாளிலேயே எழுத்தில் ஏற வேண்டும். பணம் சார்பதிவாளர் முன்னிலையில் கைமாறினால் அதை ஆவணத்தின் மீதே குறிக்கும் ஏற்பாடு பதிவுச் சட்டத்தின் 58-ஆம் பிரிவில் ஏற்கெனவே உண்டு. அதையொட்டி, முன்பணம் பாதிக்கு மேலும் கெடு ஓராண்டுக்கு மேலும் உள்ள ஒப்பந்தங்களில், பணம் வங்கி வழியே சென்ற விவரத்தை அரசு கட்டாயமாக்கலாம். எழுதிக்கொடுப்பவரைத் தனியே அழைத்து, இது விற்பனைக்கா கடனுக்கா என்று கேட்டு, அவர் சொல்லும் பதிலையும் பதியச் செய்யலாம்.

கடன் என்றால் அடமானப் பத்திரம் எழுதட்டும். முத்திரைத் தீர்வை கூடுதல் என்று சொல்லித்தான் அதைத் தவிர்க்கிறார்கள்; தவிர்ப்பதற்கு உண்மையான காரணம், அடமானத்தில் கடனைத் தீர்த்து நிலத்தை மீட்கும் உரிமை சொந்தக்காரரிடமே இருக்கும் என்பது. அந்தப் பெரியவரிடம் இதை நான் அன்று சொல்லவில்லை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆவண எழுத்தர்,
சேலம் மாவட்டம்.